குரலுக்கு முன்னால் இருந்த பேலா லுகோசி: மௌனப்பட ஆண்டுகள் குறித்து ஒரு விவாதம்

கரிச்சான் எழுதியது:

டிராகுலா என்ற பெயரைக் கேட்டவுடன் நம்மில் பெரும்பாலோர் மனத்தில் எழும் உருவம் ஹங்கேரிய நடிகர் பேலா லுகோசியுடையது. கரிய மேலங்கி, படிய வாரிய முடி, ஒவ்வொரு சொல்லையும் தனித்தனியே நிறுத்தி எடுத்து வைக்கும் அந்த ஆங்கிலம். அதனாலேயே அவரைப் பேசும்படம் பெற்றெடுத்த பிள்ளையாக எல்லாரும் எழுதுகிறார்கள். அண்மையில் வேறோர் இழையில் நண்பர் மேடையோரம் அவர்களும், 'குரலை எடுத்துவிட்டால் லுகோசியில் என்ன மிஞ்சும்?' என்று கேட்டிருந்தார். அந்தக் கேள்விக்கு அங்கே விடை எழுதினால் இழை திசை மாறும் என்பதால் இங்கே தனியாகத் தொடங்குகிறேன்.

டிராகுலா படம் திரைக்கு வந்தது 1931 பிப்ரவரியில். அப்போது லுகோசிக்கு வயது 48. நாற்பத்தெட்டு வயது வரை ஒரு நடிகர் சும்மா இருந்திருக்க முடியாது அல்லவா? 1917ஆம் ஆண்டு தொடங்கி 1929 வரை, புடாபெஸ்ட், பெர்லின், நியூயார்க், கடைசியாக ஹாலிவுட் என்று மூன்று நாடுகளில் அவர் மௌனப்படங்களில் நடித்துக்கொண்டிருந்தார். அவற்றில் அவர் ஏற்ற வேடங்களைப் பாருங்கள்: காதலன், படை அதிகாரி, சீமான், உளவாளி, வீட்டுப் பணியாளர், அமெரிக்கப் பழங்குடித் தலைவன். இரத்தம் குடிக்கும் பிரபு அந்த வரிசையில் இல்லவே இல்லை.

என் வாதம் இதுதான். லுகோசியின் பேச்சு என்று நாம் நினைவில் வைத்திருப்பதில் பாதி, பேச்சே அல்ல. ஒரு சொல்லுக்கும் அடுத்த சொல்லுக்கும் நடுவே அவர் விடும் இடைவெளியில் முகமும் விரல்களும் செய்யும் வேலைதான் அது. அந்த வேலையை அவர் கற்றது ஒலி இல்லாத காமிராவின் முன்னால். மறுப்பு உள்ளவர்கள் தாராளமாக எழுதலாம்.

மேடையோரம் எழுதியது:

என் கேள்வியை முன்வைத்தே இழை தொடங்கியதால் முதல் மறுப்பும் என்னுடையதாகவே இருக்கட்டும்.

லுகோசி அடிப்படையில் மேடை நடிகர். இருபதாம் நூற்றாண்டின் தொடக்க ஆண்டுகளிலேயே அவர் ஹங்கேரியின் மாகாணக் குழுக்களில் நடிக்கத் தொடங்கிவிட்டார். சேகெத் நகரில் ஷேக்ஸ்பியர் நாடகங்களில் நடித்தார். 1911இல் புடாபெஸ்ட் வந்து, 1913 முதல் 1919 வரை தேசிய நாடக அரங்கின் உறுப்பினராக இருந்தார். பாடுகளின் நாடகத்தில் ஏசுவாக வேடமிட்டு, தாடியும் தோளில் புரளும் முடியுமாக அவர் நிற்கும் நிழற்படத்தை நீங்களும் பார்த்திருப்பீர்கள். நிறுத்திப் பேசுவது, கையை மெல்ல உயர்த்துவது, திரும்பிப் பார்ப்பதற்கு முன் ஒரு கணம் காத்திருப்பது ஆகியவை எல்லாம் கடைசி வரிசையில் உட்கார்ந்திருப்பவனுக்கும் தெரிய வேண்டும் என்பதற்காக மேடை நடிகன் பழகிக்கொள்ளும் வழக்கங்கள். காமிரா அவருக்கு இவற்றைக் கற்றுக்கொடுத்தது என்பதைவிட, காமிரா இருந்தபோதும் அவர் இவற்றை விடவில்லை என்பதே பொருத்தம்.

இன்னொன்றையும் நினைவுபடுத்த வேண்டும். அமெரிக்கா வந்த பிறகு, தாம் ஹங்கேரியின் தேசிய அரங்கில் முதன்மை நடிகராக இருந்ததாக லுகோசி சொல்லிக்கொண்டார். அரங்கின் பழைய நிகழ்ச்சிப் பட்டியல்கள் அப்படிச் சொல்லவில்லை. பல வேடங்கள் சிறியவை, துணை வேடங்கள். நடுவே 1914 முதல் 1916 வரை போர்முனை. தேசிய அரங்கின் நடிகர்களுக்கு விலக்கு இருந்தும் அவர் தாமாகவே படையில் சேர்ந்து, லெப்டினன்ட் பதவி வரை உயர்ந்து, ரஷ்யப் போர்முனையில் காயம்பட்டு, அதற்கான பதக்கமும் பெற்றுத் திரும்பினார். திரும்பி வந்தவருக்குப் பெரிய வேடம் கிடைக்கவில்லை, கையில் பணமும் இல்லை, படத்துக்குப் போனார். அவ்வளவுதான் கதை. வயிற்றுப்பாட்டுக்குச் செய்ததை நாம் கலைப்பயிற்சி என்று கொண்டாடக் கூடாது.

பழுப்புத்தாள் எழுதியது:

இருவருக்கும் நடுவே சில விவரங்களைச் சேர்க்கிறேன். பெயரிலிருந்து தொடங்கலாம்.

ஹங்கேரிய மொழியில் 'எஸ்' எழுத்துக்கு 'ஷ்' ஒலி. குடும்பப் பெயர் முன்னால் வரும். ஆகவே அவர் ஊரில் அவர் 'லுகோஷி பேலா'. அதுவும் அவர் சூடிக்கொண்ட பெயர்தான். பிறந்தபோது அவர் ப்ளஷ்கோ குடும்பத்துப் பிள்ளை. 1882 அக்டோபர் 20 அன்று லுகோஷ் என்ற சிறு நகரத்தில் பிறந்தார். ஊர்ப் பெயரின் இறுதியில் 'இ' சேர்த்தால் 'அவ்வூரினர்' என்று பொருள். அதாவது நம் ஊர்ப்பெயரை முன்னால் போட்டுக்கொள்ளும் பாடகர்களைப் போல, அவரும் ஊரைத் தம் பெயராக்கிக்கொண்டார். அந்த ஊர் இன்று ருமேனியாவில் இருக்கிறது, லுகோஜ் என்ற பெயரில். முதல் உலகப்போருக்குப் பின் எல்லைகள் மாறியதில் அவர் பெயருக்குக் காரணமான ஊரே நாடு மாறிவிட்டது.

மௌனப்படத்தில் அவருக்கு மூன்றாவது பெயரும் உண்டு. ஸ்டார் என்ற புடாபெஸ்ட் நிறுவனத்துக்காக, டேஷி ஆல்ஃப்ரேட் இயக்கிய படங்களில் அவர் 'அரிஸ்டிட் ஓல்ட்' என்ற பெயரில் தோன்றினார். ஓல்ட் என்பது டிரான்சில்வேனியாவில் ஓடும் ஓர் ஆற்றின் பெயரும்கூட. 1917, 1918ஆம் ஆண்டுகளில் இப்பெயரில் அவர் நடித்தவற்றுள் முகமூடி நடனத்தைக் கதைக்களமாகக் கொண்ட ஒரு படமும், ஆஸ்கார் வைல்டின் டோரியன் கிரே கதையைத் தழுவி 'வாழ்வின் அரசன்' என்று பொருள்படும் தலைப்பில் வந்த படமும் குறிப்பிடத்தக்கவை. பின்னதில் அவர் ஏற்றது, அழகிய இளைஞனின் காதில் நஞ்சு போல் இனிய பேச்சை ஊற்றும் பிரபு ஹென்றியின் வேடம். பேச்சாலேயே ஒருவனைக் கெடுக்கும் பாத்திரத்தைப் பேச்சே இல்லாத படத்தில் நடிப்பது எப்படி என்பதை மேடையோரம் அவர்கள் சற்று எண்ணிப் பார்க்க வேண்டும். நல்ல வசனம், காட்சிகளுக்கு நடுவே எழுதிக் காட்டும் எழுத்து அட்டையில் இரண்டு விநாடி நின்று மறைந்துவிடும். மீதியை முகம் சொல்ல வேண்டும்.

அதே காலத்தில் கெர்தேஸ் மிஹாய் இயக்கத்தில் 'கர்னல்' என்ற பொருள் தரும் படத்திலும், '99' என்ற படத்திலும் தம் சொந்தப் பெயரிலேயே நடித்தார். இந்த கெர்தேஸ்தான் பிற்காலத்தில் மைக்கேல் கர்டிஸ் என்ற பெயரில் 'கசபிளாங்கா' எடுத்தவர்.

வயிற்றுப்பாட்டுக்குப் படத்துக்குப் போனார் என்பது உண்மையாக இருக்கலாம். ஆனால் அவர் போன இடம் ஒதுக்குப்புறமான சிறு தொழில் அன்று. போர் காரணமாகப் பகை நாடுகளின் படங்கள் வருவது தடைப்பட்டதால், உள்ளூர்ப் படங்களுக்குக் கிராக்கி ஏறியிருந்தது. இன்று ருமேனியாவில் உள்ள கொலோஷ்வார் நகரில் யானோவிச் யேனோ தம் நாடக அரங்கை ஒட்டியே படப்பிடிப்பை வளர்த்திருந்தார். கோர்டா ஷாந்தோர், அதாவது பின்னாளில் லண்டனில் சர் பட்டம் பெற்ற அலெக்ஸாண்டர் கோர்டா, புடாபெஸ்டில் கோர்வின் நிறுவனத்தை நடத்தினார். இந்தக் கூட்டத்தின் நடுவில்தான் லுகோசி நின்றார்.

வருத்தம் என்னவென்றால் அவருடைய ஹங்கேரியப் படங்கள் ஏறக்குறைய அனைத்தும் தொலைந்தவையாகவே கருதப்படுகின்றன. அக்காலப் படங்கள் பதிவான நைட்ரேட் சுருள் எளிதில் தீப்பிடிக்கும். வைத்தாலும் தானே மட்கிப் பொடியாகும். அதிலுள்ள வெள்ளிக்காகவே பழைய சுருள்களை உருக்கியவர்களும் உண்டு. இரண்டு போர்களைக் கண்ட நகரத்தில் எஞ்சியிருப்பவை நிழற்படங்களும் விளம்பரத் தாள்களும்தான்.

கரிச்சான் எழுதியது:

நன்றி, பழுப்புத்தாள். பிரபு ஹென்றி பற்றி நீங்கள் சொன்னது என் வாதத்துக்கு நானே எண்ணிப் பார்க்காத துணை.

1919க்கு வருவோம். அந்த ஆண்டைத் தாண்டாமல் லுகோசியின் வாழ்க்கையைப் புரிந்துகொள்ள முடியாது. மார்ச் 21 அன்று கம்யூனிஸ்ட் தலைவர் பேலா குன் தலைமையில் ஹங்கேரிய சோவியத் குடியரசு அமைந்தது. அது நீடித்தது மொத்தம் 133 நாள்கள். ஏப்ரலிலேயே படத்தொழிலை நாட்டுடைமை ஆக்கினார்கள். லெனின் ரஷ்யாவில் அதே காரியத்தைச் செய்தது அவ்வாண்டு ஆகஸ்டில்தான். நடிகர் சங்கத்தைக் கட்டுவதில் லுகோசி முன்னணியில் நின்றார். நடிகர்களின் இதழில் மே மாதம் கட்டுரையும் எழுதினார். மேடையில் அரசனாக நிற்கும் நடிகன் வீட்டில் பட்டினி கிடக்கும் கூலிக்காரன் என்பதே அதன் சாரம். தேசிய அரங்கில் சிறு வேடங்களோடு ஆறு ஆண்டுகள் கழித்தவருக்கு அது ஏட்டுப் படிப்பு அல்ல, சொந்த அனுபவம்.

ஆகஸ்ட் முதல் நாள் அரசு கவிழ்ந்தது. நவம்பரில் கம்யூனிஸ்டுகளை எதிர்த்த தளபதி ஹோர்தியின் படை புடாபெஸ்டுக்குள் நுழைந்தது. சங்கத்தில் பெயர் இருந்தவர்களைத் தேடித் தேடிப் பிடித்த காலம் அது. கோர்டா கைதாகி, வெளியே வந்து, நாட்டை விட்டார். கெர்தேஸ் வியன்னா போனார். திரைக்கலை பற்றி எழுதிய பலாஜ் பேலாவும் அப்படியே வியன்னா போனவர்தான்; 1924இல் அங்கே அவர் வெளியிட்ட நூலின் மையக் கருத்து, அச்சு எந்திரம் வந்தபின் மறந்துபோன மனித முகத்தை மௌனப்படம் மீண்டும் கண்ணுக்குக் காட்டுகிறது என்பதாகும். நாடு கடந்தவர்களின் கூட்டத்திலிருந்து அப்படி ஒரு நூல் பிறந்ததில் எனக்கு வியப்பே இல்லை. மொழியை எல்லையில் விட்டுவிட்டு வந்தவனிடம் முகம் ஒன்றுதானே மிஞ்சும்?

லுகோசியும் வியன்னா வழியாக பெர்லின் சேர்ந்தார். இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். ஹங்கேரிய மொழி ஜெர்மனோடு எந்த உறவும் இல்லாத மொழி. ஒரு மேடை நடிகர் அப்படி நாடு மாறினால் அவருடைய தொழில் அன்றோடு முடிந்தது. மௌனப்பட நடிகருக்கோ, எழுத்து அட்டையை மாற்றினால் போதும். 1920 என்ற ஒரே ஆண்டில் அவர் ஜெர்மனியில் பல படங்களில் நடித்தார். ஜெர்மன் இயக்குநர் முர்னாவ் எடுத்த 'யானுஸ் தலை' அவற்றுள் ஒன்று. ஒரே மனிதனுக்குள் நல்லவனும் கெட்டவனும் வாழும் ஜெகில்-ஹைடு கதையை உரிமை பெறாமல், பெயர்களை மாற்றி எடுத்த படம் அது. நாயகன் கான்ராட் ஃபைட். லுகோசி அவருடைய வீட்டுப் பணியாளர். அதுவும் தொலைந்துபோன படம். இரண்டு ஆண்டுகள் கழித்து இதே முர்னாவ், இதே வழியில் டிராகுலா கதையை எடுத்து 'நோஸ்ஃபெராட்டு' ஆக்கினார். அந்தப் படத்தின் பிரபு வேறொரு நடிகருக்குப் போனது. லுகோசி அப்போது அட்லாண்டிக்கின் அந்தப் பக்கம் இருந்தார்.

ஃபெனிமோர் கூப்பர் கதைகளை வைத்து பெர்லின்காரர்கள் இரண்டு பாகமாக எடுத்த படத்தில் அவர் மொஹிகன் தலைவன் சிங்காச்கூக். முதல் பாகத்தின் சுருங்கிய வடிவம் இன்றும் கிடைக்கிறது. டிரான்சில்வேனியப் பக்கத்து ஊர்க்காரர், ஜெர்மன் காட்டில், அமெரிக்கப் பழங்குடியாக! ஒலி வந்தபின் இப்படி ஒரு கூத்தை யாரும் துணிந்திருக்க மாட்டார்கள்.

நான்காம் வரிசை எழுதியது:

நீங்கள் மூவரும் தொலைந்த படங்களைப் பற்றியே பேசுகிறீர்கள். கிடைக்கும் படங்களைப் பார்த்தவன் என்ற முறையில் நான் எழுதுகிறேன்.

'த சைலன்ட் கமாண்ட்' 1923ஆம் ஆண்டு ஃபாக்ஸ் நிறுவனப் படம். லுகோசிக்கு அமெரிக்காவில் அதுவே முதல் படம். இயக்கியவர் ஜே. கார்டன் எட்வர்ட்ஸ், நடிகை தீடா பாராவை வைத்து 'கிளியோபாட்ரா' எடுத்தவர். பனாமா கால்வாயைத் தகர்க்கச் சதி செய்யும் அயல்நாட்டு உளவாளிக் கூட்டத்தின் தலைவன் ஹிஸ்டன்தான் லுகோசி. கப்பற்படை அதிகாரியாக எட்மண்ட் லோ, அவரை மயக்க அனுப்பப்படும் பெண்ணாக மார்த்தா மான்ஸ்ஃபீல்ட். (அந்த நடிகை அவ்வாண்டு நவம்பரிலேயே வேறொரு படப்பிடிப்பில் உடையில் தீப்பற்றி இறந்துபோனார். அதை அறிந்தபின் அவர் வரும் காட்சிகளைச் சாதாரணமாகப் பார்க்க முடியவில்லை.)

படம் என்ற அளவில் அது கப்பற்படைக்கு எழுதிய வாழ்த்து மடல். நீளமும் அதிகம். ஆனால் லுகோசி வரும் இடங்களில் நான் இரண்டு முறை நிறுத்தி மீண்டும் ஓட்டிப் பார்த்தேன். மற்ற நடிகர்கள் எல்லாரும் அக்கால வழக்கப்படி உடம்பு முழுவதையும் அசைத்து நடிக்கிறார்கள். நெஞ்சில் கை வைக்கிறார்கள், நெற்றியைத் துடைக்கிறார்கள், பின்வாங்கித் தள்ளாடுகிறார்கள். இவர் மட்டும் அசைவதில்லை. அசையாதவனைப் பார்த்துக்கொண்டிருப்பதே நமக்கு அச்சமாகிறது. காமிரா அருகில் போகும்போது இமை மெல்ல உயர்கிறது. கருவிழிக்கு மேலே வெண்மை தெரிகிறது. உதடு ஓரத்தில் மட்டும் ஏதோ நடக்கிறது. கண்களை நெருங்கிக் காட்டும் அந்தக் காட்சிகளில் எட்டு ஆண்டுகள் கழித்து வரப்போகும் பிரபு முழுதாக இருக்கிறார்.

மேடையோரம் அவர்களுக்கு ஒரு கேள்வி. கடைசி வரிசைக்காரனுக்குத் தெரிய வேண்டும் என்று பழகிய நடிகன் ஏன் இமையை மட்டும் அசைக்கிறான்? அது இருபதாம் வரிசைக்குத் தெரியாதே! லென்ஸ் எவ்வளவு அருகில் இருக்கிறது என்று அளந்து வைத்திருக்கும் நடிகனின் கணக்கு அல்லவா அது?

அடுத்து, 1925இல் வந்த 'த மிட்நைட் கேர்ள்'. இதில் அவர் நிக்கோலஸ் ஹார்மன், நியூயார்க்கில் இசை நாடகங்களுக்குப் பணம் கொடுக்கும் செல்வர், பெண்பித்தர். அவர் ஆதரவில் இருக்கும் பாடகியின் குரல் கெடத் தொடங்குகிறது. ரஷ்யாவிலிருந்து வந்த ஓர் இளம்பெண்ணின் குரல் மேலெழுகிறது. லைலா லீ அந்த இளம்பெண். கதை முழுவதும் குரலைப் பற்றியது. படத்தில் குரலே இல்லை! பாட்டைக் கேட்கும் லுகோசியின் முகத்தைப் பார்த்துத்தான் அந்தக் குரல் எப்படிப்பட்டது என்று நாம் தெரிந்துகொள்ள வேண்டியிருக்கிறது. மாலை விருந்து உடையில், வெள்ளை முன்சட்டையும் கறுப்புக் கோட்டுமாக அவர் நிற்கும்போது, மேலங்கி ஒன்றுதான் குறை.

மேடையோரம் எழுதியது:

இமை பற்றிய கேள்விக்கு என்னிடம் உடனடியாக விடை இல்லை என்று ஒப்புக்கொள்கிறேன். அந்தப் படத்தை நான் பார்த்ததில்லை.

ஆனால் அமெரிக்காவில் அவரை உருவாக்கியது படம் அல்ல என்ற என் கருத்தில் மாற்றமில்லை. 1920 டிசம்பரில் ஒரு சரக்குக் கப்பலில் பணியாளராக நியூ ஆர்லியன்ஸ் வந்து இறங்கியவர், நியூயார்க் போய்ச் சேர்ந்து, முதலில் செய்தது என்ன? அங்கே குடியேறியிருந்த ஹங்கேரியர்களுக்காக ஹங்கேரிய மொழியில் நாடகம் போட்டார். ஆங்கில மேடைக்கு வந்தது 1922 டிசம்பரில், 'த ரெட் பாப்பி' நாடகத்தில். வசனத்தின் பொருள் தெரியாமல், ஒலியை மட்டும் மனப்பாடம் செய்து பேசினார் என்பார்கள். அந்த நாடகம் விரைவில் முடிந்துவிட்டாலும் விமர்சகர்கள் கண்ணில் பட்டவர் அவர்தான். பிறகு 1927 அக்டோபர் 5 அன்று ஃபுல்டன் அரங்கில் டிராகுலா நாடகம். ஹாமில்டன் டீன் இங்கிலாந்தில் எழுதியதை ஜான் பால்டர்ஸ்டன் அமெரிக்காவுக்காகத் திருத்தி எழுதிய வடிவம் அது. 261 காட்சிகள் ஓடின. அதற்குப் பின் ஊர் ஊராகச் சுற்றுப்பயணம். பிரபுவின் நடையும் கையும் மேலங்கியும் அங்கேதான் உருவாயின. அந்த 261 இரவுகளில் குரல் இருந்தது, நண்பர்களே.

கரிச்சான் எழுதியது:

ஒரு சிறு திருத்தம், மேடையோரம் அவர்களுக்காக அல்ல, இழையைப் படிப்பவர்களுக்காக. ஒலியை மனப்பாடம் செய்து பேசியது 1922 நாடகத்தில். பல இடங்களில் இதை 1931 படத்தோடு ஒட்டவைத்து, ஆங்கிலமே தெரியாமல் டிராகுலாவாக நடித்தார் என்று எழுதுகிறார்கள். அது தவறு. அதற்குள் அவர் பத்தாண்டுகள் அமெரிக்காவில் வாழ்ந்துவிட்டார். 1929இலேயே டாட் பிரௌனிங் இயக்கிய 'த தர்ட்டீன்த் சேர்' என்ற பேசும்படத்தில் காவல்துறை ஆய்வாளராக நெடுக வசனம் பேசியிருக்கிறார். மெதுவாகப் பேசியது தடுமாற்றத்தால் அல்ல, தெரிந்தே செய்தது.

பழுப்புத்தாள் எழுதியது:

இந்த இடத்தில் மற்ற ஹங்கேரியர்களையும் பக்கத்தில் நிறுத்திப் பார்ப்பது பயன்தரும்.

வில்மா பாங்கி 1925இல் சாமுவேல் கோல்ட்வினால் புடாபெஸ்டில் கண்டெடுக்கப்பட்டு ஹாலிவுட் போனார். அக்காலக் காதல் நாயகன் வாலண்டினோவோடு 'த ஈகிள்', 'த சன் ஆஃப் த ஷேக்' என்று இரண்டு படங்கள். ரொனால்ட் கோல்மனோடு பல படங்கள். உச்சியில் இருந்தவர். ஒலி வந்தது; அவருடைய உச்சரிப்பு கேட்டது; 1930களின் தொடக்கத்தில் திரை வாழ்வு முடிந்தது. அதன்பின் 1991 வரை வாழ்ந்தார்.

வார்கொனி மிஹாய், ஹாலிவுட்டில் விக்டர் வார்கோனி. செசில் டெமில்லின் 'த கிங் ஆஃப் கிங்ஸ்' படத்தில் பிலாத்து அவர்தான். அதே 1927இல் வந்த 'சிகாகோ' மௌனப்படத்தில் மனைவியால் ஏமாற்றப்படும் கணவனாக அவர் நடித்ததைப் பார்க்காதவர்கள் கட்டாயம் பார்க்க வேண்டும். அவ்வளவு எளிய, உண்மையான நடிப்பு அக்காலத்தில் அரிது. ஒலி வந்தபின் அவருக்கு எஞ்சியவை அயல்நாட்டுத் தூதர், அயல்நாட்டுப் பிரபு போன்ற சிறு வேடங்கள்.

லுகாச் பால், அதாவது பால் லூகாஸ், மட்டும் விலக்கு. உச்சரிப்போடு போராடி நிலைத்து நின்று, 1943ஆம் ஆண்டுப் படத்துக்காகச் சிறந்த நடிகர் ஆஸ்கார் வாங்கினார்.

ஆக, ஒரே குறை பாங்கியை வீட்டுக்கு அனுப்பியது, வார்கோனியை ஓரத்துக்குத் தள்ளியது, லுகோசியை நட்சத்திரமாக்கியது. அச்சம் தரும் அயலான் என்ற ஒரே ஒரு வேடத்துக்கு மட்டும் உச்சரிப்பு தகுதியானது. ஆனால் அந்த வேடத்தை விட்டு வெளியே வர அதே உச்சரிப்பு விடவில்லை. மௌனப்படத்தில் அவர் காதலனாகவும் படை அதிகாரியாகவும் நடிக்க முடிந்ததற்குக் காரணம், அங்கே அவர் எந்த ஊர்க்காரர் என்று யாருக்கும் கேட்கவில்லை. மேடையோரம் அவர்கள் குரலை வரம் என்கிறார். எனக்கு அது சிறைக்கதவு மூடிய ஓசையாகவே கேட்கிறது.

கரிச்சான் எழுதியது:

டிராகுலா படத்தையே எடுத்துக்கொள்வோம். அதில் பின்னணி இசை கிட்டத்தட்ட இல்லை. தொடக்க எழுத்துகளின்போது 'ஸ்வான் லேக்' இசை, பிறகு இசையரங்கக் காட்சி, அவ்வளவே. கல்லறையின் அடித்தளத்தில் பெட்டிகள் திறந்து பிரபு வெளிவரும் பகுதி முழுவதும் ஒரு வசனமும் கிடையாது. தம்மை எதிர்க்கும் பேராசிரியர் வான் ஹெல்சிங்கைத் தம் வசப்படுத்த அவர் கை நீட்டி விரல்களை மடக்கும் காட்சியில் இருவரும் பேசுவது மிகக் குறைவு. ஒருவர் இழுக்கிறார், மற்றவர் ஓரடி முன்வந்து நிற்கிறார், பின்னடைகிறார். எழுத்து அட்டை செருகினால் அது 1925ஆம் ஆண்டுக் காட்சி.

செருகவும் செய்தார்கள்! ஒலிக்கருவி பொருத்தாத அரங்குகள் அப்போதும் ஏராளம் இருந்ததால், யூனிவர்சல் நிறுவனம் டிராகுலாவை எழுத்து அட்டைகளோடு மௌனப்பட வடிவிலும் வெளியிட்டது. அதாவது 1931இல் லுகோசியின் குரலைக் கேட்காமலேயே டிராகுலாவைப் பார்த்து அஞ்சியவர்கள் இருந்தார்கள். மேடையோரம் கேட்ட கேள்விக்கு நேரான விடை அவர்களிடம் இருந்திருக்கும்.

ஒளிப்பதிவு கார்ல் ஃப்ராய்ண்ட். லுகோசியின் கண்களில் மட்டும் சிறு விளக்குகளின் ஒளிக்கீற்றை விழச் செய்தது இப்படத்தில் பேர்பெற்ற உத்தி. இதே ஃப்ராய்ண்ட்தான் 1920இல் பெர்லினில் 'யானுஸ் தலை' படத்தின் ஒளிப்பதிவாளர்களுள் ஒருவர். பணியாளராக ஓரத்தில் நின்றவரும் காமிராவின் பின்னால் நின்றவரும் பத்து ஆண்டுகள் கழித்து யூனிவர்சல் படப்பிடிப்புத் தளத்தில் மீண்டும் சந்தித்தார்கள். சம்பளத்தையும் சொல்லிவிடுகிறேன்: வாரம் 500 டாலர், ஏழு வாரம், மொத்தம் 3,500 டாலர். அந்தப் படம் யூனிவர்சலுக்குச் சம்பாதித்துக் கொடுத்ததோடு ஒப்பிட்டால் அது தேநீர்க் காசு.

நான்காம் வரிசை எழுதியது:

குரல் பற்றிய கணக்கில் இன்னொரு பக்கமும் இருக்கிறது.

1931இல் ஃபிராங்கன்ஸ்டைன் படத்துக்கு லுகோசியின் பெயரையே முதலில் விளம்பரப்படுத்தினார்கள். பேச்சில்லாமல் உறுமுகிற அரக்கன் வேடம் அவருக்குப் பிடிக்கவில்லை என்பது வழக்கமாகச் சொல்லப்படுவது. அது போரிஸ் கார்லாஃபுக்குப் போய் அவரைப் பெரிய நட்சத்திரமாக்கியது. பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து, அறுபது வயதில், 'ஃபிராங்கன்ஸ்டைன் மீட்ஸ் த உல்ஃப் மேன்' படத்தில் அதே அரக்கன் வேடத்தை லுகோசி ஏற்றார். முந்தைய படத்தின் முடிவில் அரக்கனுக்கு, லுகோசி நடித்த அவன் கூட்டாளி இகோரின் மூளை பொருத்தப்பட்டு, இகோரின் குரலும் வந்துவிட்டிருந்தது. கண் மட்டும் தெரியாமல் போயிற்று. ஆகவே இந்தப் படத்தில் அவருக்கு வசனம் எழுதினார்கள், அவரும் பேசி நடித்தார். வெட்டுமேசையில் அத்தனை வசனத்தையும் எடுத்துவிட்டார்கள். அந்த அரக்கன் ஹங்கேரிய உச்சரிப்பில் பேசியது சிரிப்பை வரவழைத்தது என்று படத்தின் எழுத்தாளர் கர்ட் சியோட்மாக் பின்னாளில் சொன்னார்.

வசனத்தோடு, அரக்கனுக்குக் கண் தெரியாது என்ற செய்தியும் போய்விட்டது. அதனால் கைகளை முன்னே நீட்டித் தடவிக்கொண்டு அவர் நடப்பதற்குக் காரணமே படத்தில் இல்லை. பார்த்தவர்கள் அதை மோசமான நடிப்பு என்றார்கள். இன்று குழந்தைகள் ஃபிராங்கன்ஸ்டைன் பொம்மை போல் நடந்து காட்டும்போது கையை நீட்டுகிறார்களே, அது குருடனாக நடித்த லுகோசியின் நடை. உதடு அசையும், ஒலி வராத ஓரிரு காட்சிகள்கூடப் படத்தில் தப்பிக் கிடக்கின்றன.

கடைசி ஆண்டிலும் அப்படியே. 1956இல் வெளிவந்த 'த பிளாக் ஸ்லீப்' படத்தில் அவருக்கு ஊமைப் பணியாளர் வேடம். அவ்வாண்டு ஆகஸ்ட் 16 அன்று அவர் இறந்தார். அதற்குச் சற்று முன் மலிவுப் பட இயக்குநர் எட் வுட் ஒலியில்லாமல் எடுத்து வைத்திருந்த சில நிமிடத் துணுக்குகள் பிறகு ஒரு படத்தில் சேர்க்கப்பட்டன. ஒரு சிறு வீட்டு வாசலில் வயதான மனிதர் வெளியே வருகிறார், ஒரு பூவை எடுத்து முகர்ந்து பார்க்கிறார், போகிறார். பேசுவது வேறொருவர், பின்னணியில்.

பழுப்புத்தாள் எழுதியது:

முர்னாவ் படத்தில் பணியாளர், கடைசியில் ஊமைப் பணியாளர். இதை நான் இதுவரை சேர்த்துப் பார்த்ததில்லை.

மேடையோரம் எழுதியது:

மேடை பற்றி நான் சொன்னதில் எதையும் திரும்பப் பெறவில்லை. 261 காட்சிகள் 261 காட்சிகள்தாம். ஆனால் 'என்ன மிஞ்சும்' என்று நான் கேட்டதை மட்டும் திரும்பப் பெறுகிறேன்.

1943ஆம் ஆண்டுப் படத்தைப் பள்ளி நாள்களில் வாடகைக்கு எடுத்த வீடியோ கேசட்டில் பார்த்தவன் நான். நீட்டிய கைகளோடு அவர் நடந்து வந்தபோது நாங்கள் நாலைந்து பேர் விழுந்து விழுந்து சிரித்தோம். கண் தெரியாதவனாக நடித்திருக்கிறார் என்று இன்றைக்குத்தான் அறிகிறேன். இன்றிரவு 'த சைலன்ட் கமாண்ட்' பார்க்கிறேன். அது முடிந்தபின் நேரம் இருந்தால் மற்றதையும். இமையைப் பார்த்துவிட்டு வந்து எழுதுகிறேன்.